மேச்சேரி ஆட்டுத்தொடையும் அரசாணிக்காயும்: ரோஸ்ட் ஏன் ரப்பராகிறது, எப்படிச் சரிசெய்வது

ஒருவர் கேட்டது இதுதான்: சேலம் அஸ்தம்பட்டியில் வீடு, புதிதாக வாங்கிய 35 லிட்டர் ஓடிஜி (மேசை மேல் வைக்கிற சின்ன மின்சார ஓவன்), தீபாவளி முடிந்த ஞாயிற்றுக்கிழமை லண்டனிலிருந்து வரும் மச்சானுக்கு மசாலா தடவிய ஆட்டுத்தொடையை முழுசாக ரோஸ்ட் செய்து, கூடவே இலையுதிர்காலக் காய்கறிகளும் வைத்துப் பரிமாற வேண்டும். குறிப்பில் 180 டிகிரியில் ஒன்றரை மணி நேரம் என்று போட்டிருக்கிறது. அப்படியே ஒத்திகை பார்த்ததில் கறி ரப்பர், மேலே மசாலா கரி, அடியில் காய் கூழ். பார்ஸ்னிப்புக்கும் (வெளிர் நிறக் கேரட் மாதிரி ஒரு கிழங்கு) பட்டர்நட் ஸ்குவாஷுக்கும் (ஒரு வகைப் பூசணி) ரோஸ்மேரிக்கும் (ஒரு வாசனைத் தழை) இங்கே எங்கே போவது என்பது துணைக்கேள்வி.

மசாலாவில் தப்பில்லை, ஓவனிலும் பெரிய தப்பில்லை. அந்தக் குறிப்பு எழுதியவர் மனதில் இருந்த ஆடு வேறு, உங்கள் கறிக்கடையில் தொங்கிய ஆடு வேறு, அவ்வளவுதான். அங்கே வசந்தத்தில் பிறந்த குட்டி கோடை முழுக்கப் புல் மேய்ந்து இலையுதிர்காலத்தில் கொழுகொழுவென்று வெட்டுக்கு வரும், ஒரு வயதுகூட ஆகியிருக்காது. வெட்டிய பிறகும் உடனே விற்கமாட்டார்கள், குளிர் அறையில் சில நாள் தொங்கவிட்டுத்தான் கடைக்கு அனுப்புவார்கள். ஒரு தொடையே இரண்டரை கிலோ வரும், மேலே விரல் கனத்துக்குக் கொழுப்பு இருக்கும். அதை உள்ளே 60 டிகிரி வரைக்கும் சூடேற்றி இளஞ்சிவப்பாக வெட்டிச் சாப்பிடலாம், மெத்தென்று இருக்கும். நம் ஊரில் விடியற்காலை அறுத்த ஆட்டை ஏழு மணிக்கு வாங்கி ஒன்பது மணிக்குக் குக்கரில் வைக்கிறோம். அறுத்த சில மணி நேரத்தில் தசை விறைத்துக்கொள்ளும், குளிரில் ஒரு நாளாவது கிடந்தால்தான் தசைக்குள் இருக்கிற நொதிகள் அந்த விறைப்பைத் தளர்த்தும். சின்னத் துண்டாக நறுக்கி ஆறு விசில் விடும்போது இதெல்லாம் தெரியாது. முழுத் தொடையாக ஓவனில் வைத்தால் அத்தனையும் பல்லில் தெரியும்.

ஆகவே மசாலாவை மாற்றுவதற்கு முன்னால் நேரத்தை மாற்றுங்கள். வாங்குவது வெள்ளிக்கிழமை, உப்பு போடுவது வெள்ளிக்கிழமை, மசாலா தடவுவது சனிக்கிழமை, அடுப்பில் ஏற்றுவது ஞாயிற்றுக்கிழமை. இந்த வரிசையை மட்டும் பிடித்துக்கொண்டாலே பாதி வேலை முடிந்தது.

சரி, எந்த ஆடு? மட்டன் என்று கேட்டால் வெள்ளாடும் தருவார்கள், செம்மறியும் தருவார்கள். ரோஸ்ட்டுக்குச் செம்மறிதான் வேண்டும், ஏனென்றால் வெள்ளாட்டில் கொழுப்பு குறைவு, நீண்ட நேரச் சூட்டில் நார் நாராகக் காய்ந்துபோகும். நமக்குப் பக்கத்திலேயே மேச்சேரி ஆடு இருக்கிறது. வெளிர் பழுப்பு நிறம், கம்பளி கிடையாது, முடிதான். இந்த இனத்துக்கென்றே பொட்டனேரியில் அரசு ஆராய்ச்சி நிலையம் இருக்கிறது. தோலுக்குப் பெயர்போன ஆடு என்பார்கள், கறியும் சுவையான கறிதான், ஆனால் சின்ன உடம்பு, கொழுப்பு போர்வை மெல்லிசு. இளங்குட்டியின் பின்தொடை ஒன்றரை கிலோவிலிருந்து இரண்டுக்குள் நிற்கும். அதற்கு மேல் கனமான தொடை கிடைத்தால் சந்தோஷப்படாதீர்கள், அநேகமாக அது வயசான கடா.

கறிக்கடையில் முழுத்தொடை வாங்குவது ஒரு கலை. கேட்டுக்கொண்டே இருக்கும்போதே கத்தி இறங்கிவிடும். "அண்ணே, வெட்டாதீங்க, முழுசா வேணும்" என்று சொன்னால் "முழுசாவா? எப்படி வேகும்?" என்று ஒரு பார்வை வரும், பின்னால் நிற்பவரும் சேர்ந்து அறிவுரை சொல்வார். பொறுமையாக மூன்று விஷயம் கேளுங்கள். இடுப்பு எலும்பை மட்டும் எடுத்துவிடச் சொல்லுங்கள், பிறகு வெட்டிப் பரிமாற அது இடைஞ்சல். முழங்கால் மூட்டுக்குக் கீழே எலும்பை ஒரு தட்டு தட்டி மடக்கித் தரச் சொல்லுங்கள், இல்லாவிட்டால் 35 லிட்டர் ஓடிஜிக்குள் தொடை போகாது, கதவு மூடாது. மேலே இருக்கிற வெள்ளைக் கொழுப்பை எடுக்கவே வேண்டாம் என்று இரண்டு தடவை சொல்லுங்கள், ஏனென்றால் சுத்தம் செய்கிறேன் பேர்வழி என்று பளிச்சென்று வழித்துக் கொடுப்பதுதான் அங்கே மரியாதை. புரட்டாசி முழுக்கக் கறி தொடாத வீடுகள் எல்லாம் ஐப்பசி பிறந்ததும் கடைக்கு வரும், தீபாவளியை ஒட்டிய நாட்களில் நல்ல தொடை காலை எட்டு மணிக்கே காலி. முந்தின நாளே சொல்லிவைத்து விடுங்கள்.

பின்தொடை கிடைக்கவில்லை என்றால் முன்தொடை வாங்குங்கள், வருத்தமே வேண்டாம். சொல்லப்போனால் என் ஓட்டு முன்தொடைக்குத்தான். உள்ளுக்குள் சவ்வும் கொழுப்பும் கலந்து இருப்பதால் மெதுவாக வேகும்போது கறி வறளாது. பார்வைக்குத் தொடை மாதிரி ராஜகம்பீரமாக இருக்காது, அதுதான் குறை.

வீட்டுக்கு வந்ததும் கழுவிவிட்டுத் துணியால் நன்றாக ஒற்றி எடுங்கள். ஃப்ரீசரில் வைக்காதீர்கள். விறைப்பு அடங்குவதற்கு முன்னால் உறையவிட்டால் தசை இன்னும் சுருங்கி இறுகும். ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டில், ஒரு தட்டின் மேல் கம்பி வலை போட்டு வையுங்கள். உப்பு கணக்கு எளிது: ஒரு கிலோவுக்கு 12 முதல் 14 கிராம், அதாவது ஒன்றரை கிலோ தொடைக்கு 20 கிராம் கல் உப்பு, பொடித்து எல்லாப் பக்கமும் தேய்த்துவிட வேண்டும். மசாலா எத்தனை மணி நேரம் ஊறினாலும் சில மில்லிமீட்டருக்கு மேல் உள்ளே போகாது. உள்ளே ஊடுருவுவது உப்பு மட்டும்தான், அதற்கும் ஒரு நாள் வேண்டும். பப்பாளிக்காய் அரைத்துப் போடலாமா என்று கேட்பீர்கள். சுக்காவுக்குப் போடுங்கள். முழுத்தொடையில் அது மேல்தோலை மட்டும் கொழகொழவென்று ஆக்கிவிட்டு உள்ளே எட்டிக்கூடப் பார்க்காது.

மசாலாவுக்கு வருவோம். வெளிநாட்டுக் குறிப்புகளில் சீரகம், மல்லி, பட்டை, மிளகாய்த்தூள், பூண்டு, ரோஸ்மேரி என்று இருக்கும். அதில் பாதி ஏற்கெனவே நம் அஞ்சறைப்பெட்டியில் இருப்பதுதான். ஒன்றரை கிலோவுக்கு நான் போடுவது: விதை நீக்கிய வரமிளகாய் 8, மல்லி 2 மேசைக்கரண்டி, மிளகு ஒன்றரை டீஸ்பூன், சீரகமும் சோம்பும் ஒவ்வொரு டீஸ்பூன், சின்னத் துண்டு பட்டை, கிராம்பு 3, கல்பாசி ஒரு சிட்டிகை. எல்லாவற்றையும் சிறு தீயில் வறுத்து, சின்ன வெங்காயம் 12, பூண்டு 10 பல், ஒரு கட்டைவிரல் இஞ்சி சேர்த்து, தண்ணீரே விடாமல் செக்குக் கடலை எண்ணெய் 3 மேசைக்கரண்டி விட்டு விழுதாக அரைக்க வேண்டும். தேங்காயும் கசகசாவும் இந்த விழுதில் வேண்டவே வேண்டாம், குழம்பில் அவை அழகு, ஓவன் சூட்டில் முதலில் கருகுவது அவைதான். தயிரும் அப்படியே, திரிந்து திட்டுத் திட்டாக ஒட்டிக்கொள்ளும்.

இதோடு நான் சேர்க்கிற ஒரு பொருளைக் கேட்டால் சிரிப்பார்கள். காப்பித்தூள், ஒரு டீஸ்பூன், நன்றாக வறுத்துப் பொடித்தது. ஏற்காட்டுக் காப்பியே போதும், சிக்கரி கலக்காததாக இருக்க வேண்டும், கலந்தது இனிப்பையும் கருகல் வாடையையும் சேர்த்துக் கொண்டுவரும். சாப்பிடும்போது காப்பி வாசம் யாருக்கும் தெரியாது, செம்மறிக் கொழுப்பின் அந்த அடர்த்தியான வாடைக்கு அடியில் மெல்லிய கசப்பு ஒன்று நிற்கும், அது மிளகோடு நன்றாகச் சேரும். சேர்வராயன் மலையில் காப்பித் தோட்டத்து நிழல் மரங்களிலேயே மிளகுக்கொடியையும் ஏற்றிவிட்டிருப்பார்கள். இரண்டையும் ஒரே கறியில் போடுவதற்கு அதைவிட வேறு நியாயம் எனக்குத் தேவைப்படவில்லை. ரோஸ்மேரி கிடைத்தால் இரண்டு கொத்து போடுங்கள், கிடைக்காவிட்டால் கறிவேப்பிலையைக் கொத்தோடு அடியில் பரப்புங்கள். அதன் இடத்தில் இது வராதுதான், ஆனால் இதுவும் வேறு விதத்தில் நன்றாக இருக்கும்.

சனிக்கிழமை மாலை தொடையில் எட்டுப் பத்து இடத்தில் கத்தி முனையால் ஆழமாகக் குத்தி, ஒவ்வொரு ஓட்டையிலும் ஒரு பூண்டுச் சீவலும் இரண்டு மிளகும் திணித்து, விழுதைப் பூசி மறுபடி ஃப்ரிட்ஜில் வையுங்கள். உப்பு ஏற்கெனவே போட்டாயிற்று, விழுதில் மறுபடி போட்டுவிடாதீர்கள்.

இனி காய். இதில்தான் பெரும்பாலான கலப்புச் சமையல் சறுக்குகிறது, ஆகவே கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். இலையுதிர்காலக் காய் என்று அங்கே சொல்வதெல்லாம் மாவும் சர்க்கரையும் கட்டிய, தண்ணீர் குறைந்த காய்கள். அந்தக் குணம் உள்ளது நம்மிடம் எது என்று பார்க்க வேண்டுமே தவிர, பெயரைத் தேடிக்கொண்டு சூப்பர் மார்க்கெட்டுக்கு அலைய வேண்டாம். பட்டர்நட் ஸ்குவாஷுக்கு அரசாணிக்காய் தாராளமாகப் போதும் (வெளியூர்க்காரர்களுக்கு: பரங்கி, மஞ்சள் பூசணி). நன்றாக முற்றியது, நகம் இறங்காத தோல், வெட்டினால் ஆரஞ்சு நிறம் அடர்த்தியாக இருக்க வேண்டும். உழவர் சந்தையில் கீற்றாக வெட்டி வைத்திருப்பார்கள், விதைப்பக்கம் ஈரம் கோத்திருந்தால் எடுக்காதீர்கள். பார்ஸ்னிப்புக்கு நேர் மாற்று கிடையாது. அதன் இனிப்புக்குச் சர்க்கரைவள்ளி, வாசத்துக்குக் கேரட்டின் மேல் கொஞ்சம் சோம்பு, அதோடு விட்டுவிடலாம். பீட்ரூட் வையுங்கள், ஆனால் தனி மூலையில் வையுங்கள், இல்லாவிட்டால் எல்லாம் ஒரே நிறமாகிவிடும். சின்ன வெங்காயம் தோலுரித்து முழுசாக.

சேலத்தில் இருந்துகொண்டு குச்சிக் கிழங்கை (மரவள்ளி) சேர்க்காமல் இருக்க முடியுமா? சேர்க்கலாம், ஆனால் பச்சையாக ஓவனில் வைக்கக் கூடாது. ஜவ்வரிசி ஆலைக்குப் போகிற ரகங்களில் சில கசக்கும், அந்தக் கசப்போடு நச்சுத்தன்மையும் இருக்கிறது. சமையலுக்கென்று விற்கிற கிழங்காகக் கேட்டு வாங்கி, தோலும் உள்தோலும் நீக்கி, நிறையத் தண்ணீரில் மூடாமல் முக்கால் பதம் வேகவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு, ஆறவைத்து, எண்ணெய் பிசிறி ஓவனில் வையுங்கள். ஓரமெல்லாம் மொறுமொறுப்பாகவும் உள்ளே பஞ்சாகவும் வரும், உருளைக்கிழங்கு பக்கத்தில் நிற்க முடியாது. சேனைக்கிழங்கும் நல்ல தேர்வுதான், புளித்தண்ணீரில் ஒரு கொதி விட்டுவிட்டால் நாக்கு அரிக்காது. ஆடி ஆவணியில் ஏற்காட்டுச் சாலையோரம் கூடை கூடையாக விற்கிற கெட்டியான நாட்டுப் பேரிக்காய் தீபாவளிக்கு மிச்சமிருந்தால் நாலாக வெட்டிச் சேருங்கள், பச்சையாகத் தின்றால் நறநறக்கிற அதே காய் சூட்டில் அருமையாக மாறும். சுரைக்காய், சௌசௌ, வெள்ளைப்பூசணி, முள்ளங்கி எதுவும் வேண்டாம். தண்ணீர் விட்டுத் தட்டையே ஏரியாக்கிவிடும்.

வெட்டும் அளவு எல்லாவற்றுக்கும் ஒன்றாக இருக்கக் கூடாது. பீட்ரூட் இரண்டு சென்டிமீட்டர், கேரட்டும் சர்க்கரைவள்ளியும் மூன்று, அரசாணிக்காய் ஐந்து, அதுவும் தோலோடு. தோல் இருந்தால்தான் அது உருக்குலையாமல் நிற்கும், தட்டில் வைத்த பிறகு கரண்டியால் வழித்துச் சாப்பிட்டுக்கொள்ளலாம். ஒவ்வொன்றிலும் உப்பு, மிளகுத்தூள், கடலை எண்ணெய் மட்டும். கறிக்குப் போட்ட மசாலாவைக் காய்க்கும் போட்டால் எதைக் கடித்தாலும் ஒரே ருசி, அப்புறம் இரண்டு பொருள் எதற்கு? பள்ளிபாளையம் பாணியில் தேங்காயைப் பல் பல்லாகக் கீறி ஒரு கைப்பிடி கடைசிப் பத்து நிமிடம் காயோடு போடுங்கள், அது ஒன்று போதும்.

உங்கள் காய் கூழானதற்குக் காரணம், கறிக்கு அடியில் ஆரம்பத்திலிருந்தே அதைப் பரப்பியது. குறிப்பில் அப்படித்தான் இருந்திருக்கும், படம் எடுக்க அழகாக இருக்கும். கறியிலிருந்து இறங்குகிற சாற்றில் காய் வறுபடாது, அவிந்துபோகும். காய்க்குக் காய்ந்த சூடு வேண்டும், ஒற்றை வரிசையாக, ஒன்றை ஒன்று தொடாமல். கறிக்கு முதல் மூன்று மணி நேரம் ஈரமான சூடு வேண்டும். இரண்டுக்கும் ஒரே நேரத்தில் ஒரே தட்டில் இடமில்லை.

இப்போது அடுப்பு. தொடையை ஃப்ரிட்ஜிலிருந்து எடுத்து முக்கால் மணி நேரம் வெளியே வையுங்கள். ஆழமான தட்டின் அடியில் நாலு வெங்காயம் பாதியாக வெட்டியது, ஒரு முழுப்பூண்டு குறுக்காக வெட்டியது, இரண்டு கேரட், கறிவேப்பிலைக் கொத்து. இவை சாப்பிட அல்ல, குழம்புக்கு. ஒன்றரை டம்ளர் வெந்நீர் ஊற்றி, மேலே தொடையை வைத்து, வாழையிலையை அனலில் வாட்டி மூடி, அதற்கு மேல் அலுமினியத் தாளை இறுக்கமாகச் சுற்றுங்கள். இலை வாசத்துக்கு மட்டுமல்ல, மசாலா நேரடியாக அலுமினியத்தைத் தொடாமல் இருக்கவும்தான். 160 டிகிரி, கீழ்த்தட்டு, மேலும் கீழும் இருக்கிற சூட்டுக்கம்பி இரண்டும் எரியட்டும், ஒன்றரை கிலோவுக்கு மூன்று மணி நேரம். ஓடிஜியின் திருகில் 160 என்று இருப்பதை நம்பாதீர்கள், உள்ளே வைக்கிற சின்ன வெப்பமானி ஒன்று வாங்கிவைத்தால் தெரியும், பல அடுப்புகள் 20 டிகிரி முன்னே பின்னே ஓடும். சின்ன அடுப்பில் மேல்கம்பி கறிக்கு ரொம்பப் பக்கத்தில் இருக்கும், உங்கள் மசாலா கரியானது அதனால்தான்.

தசையை இறுக்கிக் கட்டியிருக்கிற சவ்வு கரைந்து வழவழப்பாக மாறுவதற்கு உள்ளே 90 டிகிரியை ஒட்டிச் சூடு ஏறி, அங்கேயே கொஞ்ச நேரம் நிற்க வேண்டும். உங்கள் ஒத்திகையில் அநேகமாக எழுபத்தைந்து, எண்பதில் எடுத்திருப்பீர்கள், அது இரண்டும் கெட்டான் நிலை, சாறு போயிருக்கும், சவ்வு கரைந்திருக்காது. குத்திப் பார்க்கும் வெப்பமானி இல்லையென்றால் கால் எலும்பைப் பாருங்கள், கறி மேலே ஏறி எலும்பு ஒரு கட்டைவிரல் நீளம் வெளியே தெரிய வேண்டும், எலும்பைப் பிடித்துத் திருகினால் லேசாக அசைய வேண்டும். அசையவில்லை என்றால் மறுபடி மூடி இன்னும் அரை மணி. அவசரப்பட்டுச் சூட்டைக் கூட்டாதீர்கள். லண்டன் மச்சான் உள்ளே இளஞ்சிவப்பாக வேண்டும் என்று கேட்டால் அன்போடு மறுத்துவிடுங்கள், நம் ஆட்டுக்கு அது பொருந்தாது, வீட்டுப் பெரியவர்களும் தொடமாட்டார்கள்.

இதையே ஏற்காட்டில் ஏதாவது வீடு எடுத்துத் தங்கிச் செய்வதாக இருந்தால் ஒரு கணக்கு. அங்கே உயரம் சுமார் 1,500 மீட்டர், தண்ணீர் 95 டிகிரியிலேயே கொதித்துவிடும். மூடிவைத்த தட்டுக்குள் ஆவியும் அதற்கு மேல் சூடாகாது, ஆகவே அடிவாரத்தில் மூன்று மணி நேரம் என்றால் மலையில் முக்கால் மணி கூடப் பிடிக்கும். இன்னொன்று, ஐப்பசி மழையில் அங்கே குளிர் சாப்பாட்டு மேசைக்கே வந்துவிடும், செம்மறிக் கொழுப்பு தட்டில் பட்டதும் வெள்ளையாக உறைந்து மேலண்ணத்தில் ஒட்டும். தட்டுகளை வெந்நீரில் போட்டுத் துடைத்துச் சூடாகப் பரிமாறுங்கள்.

கறி வெந்ததும் தொடையை மட்டும் வேறு தட்டுக்கு மாற்றி இலையால் மூடி வையுங்கள், அரை மணிக்கும் மேல் அது தாங்கும். இப்போது அடுப்பை 210-க்கு ஏற்றி, காய்த்தட்டை உள்ளே வைத்து 35 முதல் 40 நிமிடம், நடுவில் ஒரு தரம் புரட்டிவிடுங்கள். காய் ஆகிற நேரத்தில் குழம்பு: அடித்தட்டில் இருக்கிற சாற்றை வடிகட்டி, மேலே மிதக்கிற கொழுப்பைக் கரண்டியால் எடுத்துவிட்டு (அதில் இரண்டு ஸ்பூனைக் காயின் மேல் தெளித்தால் யாரும் வேண்டாம் என்று சொல்லப்போவதில்லை), வெந்த பூண்டைத் தோலிலிருந்து பிதுக்கி, வெந்த வெங்காயத்தோடு அதிலேயே மசித்து, பாதியாகச் சுண்டும்வரை கொதிக்கவிட வேண்டும். மைதாவோ சோளமாவோ வேண்டாம். பூண்டும் வெங்காயமும் போதுமான கனம் கொடுக்கும்.

கடைசியாக ஒரு மேல்பூச்சு. கெட்டிப் புளிக்கரைசல் 2 மேசைக்கரண்டி, நாட்டுச்சர்க்கரை 1, அந்தக் குழம்பிலிருந்து 2, இவற்றைக் கலந்து தொடை மேல் தடவி, காய் வெளியே வந்ததும் மூடாமல் 220-இல் பன்னிரண்டு, பதினைந்து நிமிடம். பக்கத்திலேயே நில்லுங்கள், சர்க்கரை இருக்கிறது, கண்ணாடி வழியாகப் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். ஓரம் கறுத்து மினுமினுத்ததும் எடுத்துவிடுங்கள்.

தட்டில் சேரும்போது ஒரு சிக்கல் வரும். அரசாணி இனிப்பு, சர்க்கரைவள்ளி இனிப்பு, பீட்ரூட் இனிப்பு, மேல்பூச்சிலும் சர்க்கரை, மசாலாவில் சோம்பும் பட்டையும் சேர்ந்து அதைத் தூக்கிவிடும். நாலு வாய்க்கு மேல் திகட்டும். வெளிநாட்டில் இதற்கு மாதுளையும் புதினாவும் தயிரும் வைப்பார்கள். நான் மோர்மிளகாய் வறுத்து நொறுக்கிக் காயின் மேல் தூவுகிறேன், உப்பு, புளிப்பு, காரம் மூன்றும் ஒரே பொருளில். அதற்கு மேல் மலை ஆரஞ்சு கிடைத்தால் பாதிப் பழத்தைப் பிழிந்துவிடுங்கள், இல்லாவிட்டால் எலுமிச்சை. பெரிய ஓட்டல்களில் செய்கிற இந்த வகை ரோஸ்ட் பல பாதியிலேயே சலிப்பது புளிப்பில்லாமல்தான் என்பது என் கட்சி.

தொட்டுக்கொள்ள மசித்த உருளைக்கிழங்கு என்று குறிப்பில் இருக்கும். கேழ்வரகுக் களி கிண்டுங்கள். சேலம், தருமபுரிப் பக்கம் களிக்கும் ஆட்டுக்குழம்புக்கும் இருக்கிற உறவை நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. சூடான களியில் குழி செய்து அந்தச் சுண்டிய குழம்பை ஊற்றினால், மச்சான் ரோஸ்ட்டை விட்டுவிட்டு இதைத்தான் இரண்டாவது தடவை கேட்பார்.

ஓவன் இல்லாதவர்களுக்கும் வழி இருக்கிறது, இது நம் மலைக்குப் புதிதும் அல்ல. 1820-களில் சேலம் கலெக்டராக இருந்த காக்பர்ன் காலத்தில் சேர்வராயன் மலைக்குக் காப்பி வந்தது, பின்னாடியே தோட்டத் துரைமார்களும் அவர்கள் பங்களாக்களும் வந்தன. ஆங்கிலோ இந்தியர்கள் வீடுகளில் இன்றும் செய்கிற பாட் ரோஸ்ட் இதே கலப்புதான்: முழுக்கறியைக் கனமான பாத்திரத்தில் வைத்து, முழு மிளகு, வரமிளகாய், பட்டை, கொஞ்சம் வினிகர், தண்ணீரைச் சிறிது சிறிதாக ஊற்றி, மூடி, திருப்பித் திருப்பி வேகவைத்து, தண்ணீர் வற்றியதும் அதன் கொழுப்பிலேயே சிவக்க வறுப்பார்கள். உங்களிடம் பெரிய குக்கர் இருந்தால் ஒரு கிலோ முன்தொடையை விழுதோடு ஒரு டம்ளர் தண்ணீர் விட்டு, முதல் விசிலுக்குப் பிறகு சிறு தீயில் 35 நிமிடம் வைத்து, ஆவி தானாக அடங்கியதும் திறந்து, இரும்புக் கடாயில் எண்ணெய் காயவைத்து எல்லாப் பக்கமும் சிவக்க விடுங்கள். ஓவனில் வருகிற மேல்தோல் இதில் வராது, குழம்பு இதில்தான் அதிகம். காயை அதே கடாயில் கொஞ்சம் கொஞ்சமாக, கூட்டம் போடாமல் வறுத்துக்கொள்ளலாம்.

மிஞ்சிய கறியை இரண்டு மணி நேரத்துக்குள் ஃப்ரிட்ஜில் சேர்த்துவிடுங்கள். மறுநாள் காலையில் பிய்த்து, மிச்சக் குழம்பைத் தோசையில் தடவி மேலே தூவினால், சேலத்து எசன்ஸ் தோசையின் சொந்தக்காரன் மாதிரி ஒன்று வரும். எலும்பை மிளகு ரசத்துக்குப் போடுங்கள்.

நேரக் கணக்கு: ஞாயிறு ஒன்றரை மணிக்குச் சாப்பாடு என்றால் எட்டே காலுக்குத் தொடை ஃப்ரிட்ஜிலிருந்து வெளியே வர வேண்டும், ஒன்பதுக்கு ஓவனுக்குள், பன்னிரண்டுக்கு வெளியே, பன்னிரண்டே காலுக்குக் காய் உள்ளே, ஒரு மணிக்கு மேல்பூச்சு, ஒன்றேகாலுக்குக் களி தயார். நடுவில் கரண்ட் போனால் பதறாதீர்கள், முதல் மூன்று மணி நேரத்தில் போனால் தொடையைச் சாற்றோடு பெரிய குக்கருக்கு மாற்றிச் சிறு தீயில் முடித்துக்கொள்ளுங்கள், மிச்சமிருக்கிற நேரத்தில் பாதி போதும். காய் வைத்த பிறகு போனால் இரும்புக் கடாய்தான்.